துப்பாக்கி இருப்பதைப் போலீஸிடம் தானாகச் சொல்வதா, கேட்டால் மட்டும் சொல்வதா?

2013 அக்டோபரில் பென்சில்வேனியாவைச் சேர்ந்த ஓர் இளம் தாய் நியூ ஜெர்சிக்குள் காரில் போய்க்கொண்டிருந்தார். சின்னப் போக்குவரத்து மீறலுக்காகப் போலீஸ் நிறுத்தியது. தன்னிடம் கைத்துப்பாக்கி இருக்கிறது, பெர்மிட்டும் இருக்கிறது என்று அவராகவே சொன்னார். பெர்மிட் பென்சில்வேனியாவுடையது. டெலவேர் ஆற்றைத் தாண்டினால் அது செல்லாது என்பது அவருக்குத் தெரியாது. கைது செய்தார்கள். நியூ ஜெர்சி சட்டப்படி குறைந்தது மூன்றரை ஆண்டு சிறை காத்திருந்தது. நாடு முழுக்க எதிர்ப்பு கிளம்பிய பிறகுதான் சிறையில்லாத வழி ஒன்றை அவருக்குத் திறந்தார்கள். 2015-ல் ஆளுநர் கிறிஸ் கிறிஸ்டி மன்னிப்பு வழங்கினார்.

2016 ஜூலை 6 அன்று மினசோட்டாவின் ஃபால்கன் ஹைட்ஸில் ஃபிலாண்டோ கஸ்டீல் என்பவரின் காரை, பின்விளக்கு எரியவில்லை என்று நிறுத்தினார்கள். அவரிடம் செல்லுபடியாகும் பெர்மிட் இருந்தது. தன்னிடம் துப்பாக்கி இருக்கிறது என்பதை மரியாதையாக, "சார்" போட்டுச் சொன்னார். அடுத்த சில நொடிகளில் போலீஸ்காரர் ஏழு முறை சுட்டார். பின் சீட்டில் நான்கு வயதுக் குழந்தை ஒன்று உட்கார்ந்திருந்தது. சுட்டவரை 2017-ல் ஜூரி குற்றமற்றவர் என்று விடுவித்தது.

இரண்டு பேருமே ஒளிக்கவில்லை. கேட்பதற்கு முன்பே சொன்னார்கள். அப்படியானால் சொல்லாமல் இருப்பதுதான் புத்திசாலித்தனமா? அமெரிக்காவில் துப்பாக்கி வைத்திருப்பவர்கள் கூடும் இடத்தில் இந்தக் கேள்வியை எடுத்தால் இரண்டு கட்சியாகப் பிரிந்துவிடுவார்கள். டெக்ஸஸிலும் ஜார்ஜியாவிலும் நியூ ஜெர்சியிலும் குடியேறி, கிரீன் கார்டோ குடியுரிமையோ வாங்கி, வீட்டில் ஒரு துப்பாக்கியும் வாங்கி வைத்திருக்கும் தமிழர்களுக்கும் இது வெறும் வாக்குவாதம் இல்லை. இருக்கிற வழிகளை ஒவ்வொன்றாக எடுத்துப் பார்ப்போம்.

முதலில் மாநிலச் சட்டம். பெர்மிட்டோடு துப்பாக்கி வைத்திருக்கும் ஒருவர் போலீஸிடம் எப்போது சொல்ல வேண்டும் என்பதை ஒவ்வொரு மாநிலமும் தன் இஷ்டத்துக்கு எழுதி வைத்திருக்கிறது. மிச்சிகன், வட கரோலினா, அலாஸ்கா, நெப்ராஸ்கா போன்ற இடங்களில் கேட்கும்வரை காத்திருக்கக் கூடாது, உடனே சொல்லிவிட வேண்டும். மிச்சிகனில் முதல் தடவை சொல்லத் தவறினால் 500 டாலர் அபராதமும் ஆறு மாதம் பெர்மிட் முடக்கமும் உண்டு. 2022 டிசம்பரில் வந்த புதிய சட்டத்துக்குப் பிறகு நியூ ஜெர்சியும் இந்தப் பட்டியலில் சேர்ந்துவிட்டது. மினசோட்டா, இல்லினாய், அரிசோனா போன்ற மாநிலங்களில் கேட்டால் உண்மையைச் சொன்னால் போதும். ஜார்ஜியாவில் தானாகச் சொல்லும் கடமை எதுவும் இல்லை. டெக்ஸஸ் இவை எதிலும் சேராத தனி ரகம். அங்கே போலீஸ் அடையாள அட்டை கேட்டால், பெர்மிட் வைத்திருப்பவர் டிரைவிங் லைசென்ஸோடு பெர்மிட்டையும் சேர்த்து நீட்ட வேண்டும் என்கிறது சட்டம். ஆனால் நீட்டாவிட்டால் என்ன தண்டனை என்று தேடினால் ஒன்றும் கிடைக்காது, அந்தப் பகுதியை 2009-லேயே எடுத்துவிட்டார்கள்.

சட்டம் மாறிக்கொண்டே இருப்பது இன்னொரு தலைவலி. ஓஹையோவில் 2022 ஜூன் வரை உடனே சொல்லியாக வேண்டும், இப்போது கேட்டால் போதும். அந்தப் பழைய விதி எவ்வளவு சிக்கலானது என்பதற்கு 2011-ல் கான்டன் நகரில் நடந்தது ஓர் உதாரணம். காரில் இருந்தவர் தன் துப்பாக்கியைப் பற்றிச் சொல்ல வாயெடுத்தபோதெல்லாம் போலீஸ்காரர் பேச்சை வெட்டினார். பிறகு உடனே சொல்லவில்லை என்று அவர் மேலேயே வழக்குப் போட்டார், கொன்றுவிடுவேன் என்ற அளவுக்கு மிரட்டவும் செய்தார். எல்லாம் போலீஸ் வண்டியின் கேமராவில் பதிவாகியிருந்தது. வழக்கு தள்ளுபடியானது.

ஆக, உடனே சொல்லியாக வேண்டிய மாநிலத்தில் இருப்பவருக்கு முடிவெடுக்க எதுவும் இல்லை. சொல்ல வேண்டியதுதான். எப்படிச் சொல்வது என்பதுதான் அவர் யோசிக்க வேண்டியது. சட்டம் முடிவை நம் கையில் விட்டிருக்கும் மாநிலங்களில்தான் ஒப்பீட்டுக்கே வேலை.

தானாகச் சொல்லும் வழிக்கு ஆதரவாக ஒரு வலுவான காரணம் உண்டு. பல மாநிலங்களில் டிரைவிங் லைசென்ஸ் எண்ணைக் கணினியில் போட்டவுடனேயே பெர்மிட் இருப்பது போலீஸ் திரைக்கு வந்துவிடும். அவருக்குத் தெரிந்த ஒன்றை நாம் மறைப்பதுபோல் தோன்றினால் சந்தேகம் கூடும். முதலில் சொல்லிவிட்டால், "இவர் ஒழுங்கானவர்" என்று பல போலீஸ்காரர்கள் தளர்ந்துவிடுவார்கள் என்பது துப்பாக்கிப் பயிற்சியாளர்கள் வழக்கமாகச் சொல்வது. பெரும்பாலான நேரம் அது உண்மையாகவும் இருக்கலாம்.

எதிர்ப்பக்கத்தில் இருப்பது இது. வேகமாகப் போனதற்கு டிக்கெட் கொடுக்க வந்தவரின் மனதில் அதுவரை துப்பாக்கியே இல்லை. நாம் அந்த வார்த்தையைச் சொன்ன நொடியிலிருந்து அவர் நம் கையை மட்டும்தான் பார்ப்பார். சட்டப்படியும் நம் நிலை மாறுகிறது. மேரிலாந்து, வர்ஜீனியா, இரண்டு கரோலினாக்கள், மேற்கு வர்ஜீனியா ஆகியவற்றுக்கான ஃபெடரல் மேல்முறையீட்டு நீதிமன்றம் 2017-ல், சட்டப்படி நிறுத்தப்பட்ட ஒருவரிடம் துப்பாக்கி இருப்பதாக நியாயமான சந்தேகம் இருந்தால், அவர் பெர்மிட் வைத்திருந்தாலும் சரி, அவரைத் தடவிச் சோதிக்கலாம் என்று தீர்ப்பளித்தது. ஆயுதம் இருந்தாலே ஆபத்தும் இருக்கிறது என்பது அதன் வாதம். அதில் தனியே கருத்து எழுதிய ஒரு நீதிபதி, பொது இடத்தில் துப்பாக்கியோடு வரத் தீர்மானிப்பவர் தன் சில உரிமைகளை விட்டுக்கொடுக்கத்தான் வேண்டியிருக்கும் என்று ஒளிவுமறைவில்லாமல் எழுதினார். எனக்கு அந்தத் தீர்ப்பு உவப்பாக இல்லை. ஒரு உரிமையைப் பயன்படுத்தினால் இன்னொன்று போய்விடும் என்பது என்ன கணக்கு? ஆனால் வர்ஜீனியாவில் கார் ஓட்டுபவர் என் உவப்பை நம்பி முடிவெடுக்க முடியாது.

நான் சாயும் பக்கம் இது. சட்டம் கட்டாயப்படுத்தாத மாநிலத்தில், துப்பாக்கி நம் ஆவணங்களுக்குப் பக்கத்தில் இல்லாமல், போலீஸ்காரர் கண்ணில் படும் வாய்ப்பும் இல்லாமல் இருந்தால், கேட்டால் மட்டும் சொல்வது மேல். ஆனால் இரண்டு சந்தர்ப்பங்களில் முந்திக்கொள்ள வேண்டும். "காரை விட்டு இறங்குங்கள்" என்று சொன்னால், இறங்கும் முன் சொல்லிவிட வேண்டும். எடுக்க வேண்டிய தாள் துப்பாக்கி இருக்கும் பக்கம் இருந்தாலும் கை நீட்டும் முன் சொல்லிவிட வேண்டும். இறங்கச் சொல்வதற்கு அவருக்குக் காரணம் எதுவும் தேவையில்லை என்பதை 1977-ல் உச்ச நீதிமன்றம் மிம்ஸ் வழக்கில் முடிவு செய்துவிட்டது. அந்த வழக்கே துப்பாக்கி வழக்குதான். காலாவதியான நம்பர் பிளேட்டுக்காக நிறுத்தப்பட்டவர் இறங்கியபோது மேல்சட்டைக்குக் கீழே ஒரு புடைப்பு தெரிந்தது, சோதித்தால் குண்டு போட்ட ரிவால்வர். 1997-ல் அதே அதிகாரம் கூட வரும் பயணிகளுக்கும் நீட்டிக்கப்பட்டது.

மூன்றாவது ஒரு வழியும் சிலர் மனதில் ஓடும்: கேட்டாலும் "இல்லை" என்று சொல்லிவிடுவது. பொய் சொல்வது பல மாநிலங்களில் தனிக் குற்றம். பதில் சொல்ல மறுப்பது வேறு, பொய் சொல்வது வேறு. பெர்மிட்டோடு சட்டப்படி வைத்திருந்த ஒரு பொருளுக்காகப் பொய் சொல்லி மாட்டிக்கொள்வதைவிட அசட்டுத்தனம் வேறில்லை.

சொல்லும் முறைக்கு வருவோம். "ஐ ஹேவ் எ கன்" என்று ஆரம்பிக்காதீர்கள். கன் என்ற சொல் காதில் விழுந்ததும் மீதி வாக்கியம் காற்றோடு போய்விடும், பக்கத்தில் நிற்கும் இன்னொரு போலீஸ்காரருக்கு அது எச்சரிக்கைக் குரலாகவும் கேட்கலாம். கை இரண்டும் ஸ்டீயரிங் மேலே இருக்க, பெர்மிட் இருக்கிறது என்பதை முதலில் சொல்லி, துப்பாக்கி எங்கே இருக்கிறது என்பதை அடுத்துச் சொல்லி, "நான் என்ன செய்ய வேண்டும்?" என்று கேட்டுவிட்டு அசையாமல் இருப்பதுதான் பயிற்சியாளர்கள் கற்றுத்தரும் வரிசை. நம் ஊர்ப் பழக்கம் ஒன்றையும் இங்கே விட்டுவிட வேண்டும். தமிழ்நாட்டில் போலீஸ் கை காட்டினால் வண்டியை ஓரங்கட்டி, இறங்கி நடந்து போய், "என்ன சார்" என்று கேட்பதுதான் மரியாதை. அமெரிக்காவில் போலீஸ் சொல்லாமலே காரை விட்டு இறங்கி போலீஸ்காரரை நோக்கி நடப்பது அவரைக் கலவரப்படுத்தும். இடுப்பில் துப்பாக்கியும் இருந்தால் கேட்கவே வேண்டாம்.

எங்கே வைப்பது?

சொல்வதா வேண்டாமா என்பதில் பாதியைத் துப்பாக்கி இருக்கும் இடமே தீர்த்துவிடுகிறது. காரை எடுக்கும் முன்பே அதை முடிவு செய்துவிடலாம் என்பதால் இதைத்தான் நான் முக்கியமாக நினைக்கிறேன். இடுப்பு ஹோல்ஸ்டர், க்ளவ் பாக்ஸ், இரு சீட்டுக்கும் நடுவே உள்ள பெட்டி, டிரங்க் என நான்கு இடங்கள் வழக்கம். இவற்றில் மிக மோசமானது க்ளவ் பாக்ஸ். ரெஜிஸ்ட்ரேஷனும் இன்சூரன்ஸும் எல்லோரும் வைப்பது அங்கேதான். போலீஸ்காரர் கேட்ட தாளை எடுக்கத் திறந்தால் முதலில் கண்ணில் படுவது துப்பாக்கி. துப்பாக்கியை வேறு இடத்துக்கு மாற்ற மனமில்லையா, தாள்களையாவது சூரியத்தடுப்புத் தட்டிக்கு மாற்றிவிடுங்கள். நடுப் பெட்டியும் ஏறக்குறைய அதே கதைதான், கை அடிக்கடி போகும் இடம். இடுப்பில் இருந்தால் பர்ஸ் மறுபக்கம் இருக்க வேண்டும் என்பது சின்ன விஷயம்போலத் தெரியும். அது உயிர் போகிற விஷயம். கஸ்டீல் லைசென்ஸை எடுக்கப் போனாரா, துப்பாக்கியை எடுக்கப் போனாரா என்பதைச் சுற்றித்தான் அந்த வழக்கு முழுவதும் நடந்தது.

டிரங்கில் பூட்டி வைத்தால் அவசரத்துக்கு உதவாது, அப்புறம் எதற்குத் துப்பாக்கி என்று கேட்பார்கள். நியாயமான கேள்விதான். ஆனால் போலீஸோடு உரசல் குறையும் என்ற ஒரே அளவுகோலில் பார்த்தால் டிரங்குக்கு நிகரில்லை. 1983-ன் மிச்சிகன் எதிர் லாங் தீர்ப்பின்படி, ஆபத்தானவர், ஆயுதத்தை எடுக்கக்கூடும் என்று நியாயமாகச் சந்தேகித்தால் காரில் ஆட்கள் உட்காரும் பகுதியில் ஆயுதம் இருக்கக்கூடிய இடங்களைப் போலீஸ் தேடலாம். அந்தத் தேடல் பூட்டிய டிரங்குவரை நீளாது. மாநில எல்லையைத் தாண்டும்போது டிரங்கு இன்னும் அவசியமாகிறது. துப்பாக்கி சட்டப்படி செல்லும் ஓர் இடத்திலிருந்து சட்டப்படி செல்லும் இன்னோர் இடத்துக்குக் கொண்டுபோகையில் நடுவில் உள்ள மாநிலங்களில் 1986-ன் ஃபெடரல் சட்டம் பாதுகாப்புத் தருகிறது. குண்டு நீக்கியிருக்க வேண்டும், துப்பாக்கியும் குண்டும் கை எட்டும் தூரத்தில் இருக்கக் கூடாது. டிரங்க் இல்லாத வண்டியானால் பூட்டிய பெட்டி வேண்டும், க்ளவ் பாக்ஸும் நடுப் பெட்டியும் பெட்டிக் கணக்கில் வராது.

அந்தப் பாதுகாப்பும் இழுத்தால் கிழியும் அளவுக்குத்தான் இருக்கிறது. யூட்டாவைச் சேர்ந்த ஒருவர் விமானம் தவறியதால் துப்பாக்கி இருந்த பெட்டியைக் கையில் வாங்கிக்கொண்டு நியூ ஜெர்சியின் நியூவார்க்கில் ஓர் இரவு ஹோட்டலில் தங்கினார். மறுநாள் விமான நிலையத்தில் விதிப்படி துப்பாக்கியை அறிவித்ததும் கைது. 2010-ல் மேல்முறையீட்டு நீதிமன்றம், பெட்டி ஹோட்டலில் அவர் கைக்கு எட்டியதால் ஃபெடரல் பாதுகாப்பு கிடையாது என்று சொல்லிவிட்டது. டெக்ஸஸிலிருந்து நியூ ஜெர்சியின் எடிசனில் உள்ள தங்கை வீட்டுக்குக் காரில் போகிறவர்கள் இதை மனதில் வைத்துக்கொண்டு துப்பாக்கியை வீட்டிலேயே விட்டுவிட்டுப் போகலாம்.

சோதனைக்குச் சம்மதிப்பதா?

பலரும் ஒன்றாகக் குழப்பிக்கொள்ளும் இரண்டு முடிவுகள் இவை. துப்பாக்கி இருக்கிறது என்று சொல்வது ஒன்று. காரைச் சோதிக்கச் சம்மதிப்பது முற்றிலும் வேறு. முதலாவதைச் செய்ததால் இரண்டாவதையும் செய்தாக வேண்டும் என்று நம்மவர்கள் நினைத்துவிடுகிறார்கள். "மறைக்க ஒன்றுமில்லை, பார்த்துக்கொள்ளுங்கள்" என்று சொல்வதில் ஒரு பெருமிதமும் இருக்கிறது. அந்தப் பெருமிதத்துக்கு நீதிமன்றத்தில் விலை கொடுக்க வேண்டியிருக்கும்.

சம்மதம் கொடுத்துவிட்டால், நியாயமற்ற சோதனைக்கு எதிராக அமெரிக்க அரசியல் சட்டத்தின் நான்காம் திருத்தம் தரும் பாதுகாப்பில் பெரும் பகுதியை நாமே எடுத்துக் கொடுத்துவிட்டோம் என்று பொருள். மறுக்கும் உரிமை உங்களுக்கு உண்டு என்று போலீஸ் நினைவூட்டத் தேவையில்லை என்பது 1973 முதலே உச்ச நீதிமன்றத்தின் நிலை. அதனால்தான் கேள்வி எப்போதும் ஒரு வேண்டுகோள் மாதிரி வரும்: "ஒரு நிமிஷம் பார்த்துக்கட்டுமா, உங்களுக்குப் பரவாயில்லையா?" காரைப் பார்க்கலாம் என்றால் உள்ளே இருக்கும் மூடிய பையையும் திறக்கலாம் என்று 1991-ல் ஒரு தீர்ப்பு. இது பார்க்கலாம், அது கூடாது என்று வரம்பு வைக்கலாம்தான். நடுரோட்டில், பதற்றத்தில், எத்தனை பேருக்கு அந்த நிதானம் இருக்கும்?

மறுத்தால் என்ன நடக்கும்? மறுப்பு மட்டுமே சந்தேகத்துக்குக் காரணமாகாது என்பதை நீதிமன்றங்கள் திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கின்றன. மோப்ப நாயைக் கொண்டுவரும்வரை காத்திருங்கள் என்று தனிச் சந்தேகம் ஏதுமில்லாமல் நிறுத்திவைக்க முடியாது. டிக்கெட் வேலை முடிந்த பிறகு ஏழெட்டு நிமிடம் நீட்டியதையே 2015-ல் ரோட்ரிகெஸ் வழக்கில் சட்டவிரோதம் என்றார்கள். மறுத்தும் சோதிக்கிறார்களா? தடுக்கக் கூடாது, கை வைக்கக் கூடாது, ஒரு வார்த்தை சொல்லிவிட்டு ஒதுங்கி நிற்க வேண்டும். "ஆபீசர், ஐ டோன்ட் கன்சென்ட் டு எனி சர்ச்." அவ்வளவுதான். வண்டியின் கேமராவில் அந்த வாக்கியம் பதிவாகிவிட்டால் பிறகு வக்கீலுக்கு ஒரு பிடி கிடைக்கும்.

மறுப்பு எல்லாவற்றையும் தடுக்காது என்பதையும் தெரிந்துகொள்ள வேண்டும். கார் என்பது வீடு இல்லை. குற்றத்துக்கான ஆதாரம் உள்ளே இருக்கிறது என்று வலுவான காரணம் இருந்தால் வாரண்ட் இல்லாமலே டிரங்குவரை சோதிக்கலாம், இது 1925 முதல் இருக்கும் விதி. கைது செய்து வண்டியைத் தூக்கிக்கொண்டு போனால் உள்ளே உள்ளதைக் கணக்கெடுப்பது என்ற பெயரிலும் பார்ப்பார்கள். இருந்தும் இந்த ஒப்பீட்டில் எனக்குத் தயக்கமே இல்லை. சம்மதிப்பதால் துப்பாக்கி வைத்திருப்பவருக்குக் கிடைக்கும் ஒரே நன்மை, பத்து நிமிடம் முன்னதாக வீடு போய்ச் சேரலாம் என்பதுதான்.

துப்பாக்கியை மட்டும் போலீஸ்காரர் பாதுகாப்புக்காக வாங்கி வைத்துக்கொள்வது வேறு கணக்கு. அதை எதிர்த்து ரோட்டில் வாதாடாதீர்கள். டெக்ஸஸ் சட்டம் அந்த அதிகாரத்தைத் தருகிறது, ஆபத்தில்லை என்று தெரிந்து கைது எதுவும் இல்லையென்றால் அங்கேயே திருப்பித் தர வேண்டும் என்றும் சொல்கிறது. எடுத்துக் கொடுக்கிறேன் என்று நீங்களே கையை இடுப்புக்குக் கொண்டுபோவது மட்டும் கூடவே கூடாது. அவர் எடுக்கட்டும்.

பேசுவதா, வாயை மூடிக்கொள்வதா?

லைசென்ஸ், ரெஜிஸ்ட்ரேஷன், இன்சூரன்ஸ் ஆகியவற்றைக் கொடுக்க வேண்டும். அதற்கு மேல், "எங்கிருந்து வருகிறீர்கள், துப்பாக்கி எதற்கு, எப்போது வாங்கினீர்கள், கடைசியாக எப்போது சுட்டீர்கள்" என்பதற்கெல்லாம் பதில் சொல்லும் கடமை இல்லை. சினிமாவில் பார்ப்பதுபோல் ரோட்டோரத்தில், பேசாமல் இருக்கும் உரிமை உண்டு என்னும் மிராண்டா எச்சரிக்கையும் படிக்க மாட்டார்கள். சாதாரணப் போக்குவரத்து நிறுத்தம் காவலில் வைப்பது ஆகாது என்பது 1984 தீர்ப்பு. எச்சரிக்கை இல்லாததால் அங்கே சொல்வது கணக்கில் வராது என்று நினைத்தால் ஏமாந்துபோவீர்கள்.

ஆனால் வெறுமனே மௌனமாக இருப்பதும் போதாது, இது பலருக்கு அதிர்ச்சியாக இருக்கும். ஹூஸ்டனில் 1992-ல் இரண்டு சகோதரர்கள் சுட்டுக் கொல்லப்பட்ட வழக்கில், தானாகக் காவல் நிலையத்துக்கு வந்து பேசிக்கொண்டிருந்த ஒருவரிடம், கிடைத்த தோட்டா உறைகள் உன் துப்பாக்கியோடு பொருந்துமா என்று கேட்டார்கள். அதுவரை பதில் சொன்னவர் அந்த ஒரு கேள்விக்குத் தலையைக் குனிந்துகொண்டார். அந்த மௌனத்தையே அரசுத் தரப்பு விசாரணையில் அவருக்கு எதிராக வைத்தது. 2013-ல் உச்ச நீதிமன்றம் ஐந்துக்கு நான்கு என்ற கணக்கில் அதை ஏற்றது. முதன்மைக் கருத்து சொன்ன காரணம்: ஐந்தாம் திருத்தத்தின் உரிமையைப் பயன்படுத்துகிறேன் என்று அவர் வாய்விட்டுச் சொல்லவில்லை. பேசாமல் இருக்கும் உரிமை வேண்டுமென்றால் அதற்காகப் பேச வேண்டும். விசித்திரம்தான், ஆனால் சட்டம் அதுதான். பாதி பதில், பாதி மௌனம் என்பது இருப்பதிலேயே மோசமான தேர்வு. "வக்கீல் இல்லாமல் கேள்விகளுக்குப் பதில் சொல்ல விரும்பவில்லை" என்று சொல்லி நிறுத்திக்கொள்வது சுத்தமானது. வேகமாகப் போனதற்கு நிறுத்தியவரிடம் முதல் வாக்கியமாகவே அதைச் சொன்னால் கொஞ்சம் அபத்தமாக இருக்கும், அதையும் ஒத்துக்கொள்கிறேன். கேள்வி துப்பாக்கியையோ குற்றத்தையோ நோக்கித் திரும்பும்போது சொல்லலாம்.

தெருவிலும் வாசலிலும்

காரை விட்டு நடைக்கு வந்தால் தேர்வு வேறு: வெளியே தெரியும்படி வைப்பதா, மறைத்து வைப்பதா? வெளிப்படையாக வைப்பது சட்டப்படி சரி என்னும் மாநிலத்தில், துப்பாக்கி தெரிகிறது என்பது மட்டுமே ஒருவரை நிறுத்திவைக்கக் காரணமாகாது. ஓஹையோவின் டொலீடோவில் இடுப்பில் துப்பாக்கி தெரிய, குடும்பத்தோடு நாயைக் கூட்டிக்கொண்டு நடந்தவரைப் பிடித்து வைத்த போலீஸ்காரர் மேல் போட்ட வழக்கை நடத்தலாம் என்று 2015-ல் மேல்முறையீட்டு நீதிமன்றம் அனுமதித்தது. பெயர் சொல்லாத யாரோ போன் செய்து "அங்கே ஒருவனிடம் துப்பாக்கி இருக்கிறது" என்றாலும் அது மட்டும் போதாது என்று 2000-ல் உச்ச நீதிமன்றம் ஒருமனதாகச் சொன்னது. சட்டம் இவ்வளவு தெளிவாக இருந்தும் நான் மறைத்து வைப்பதையே சொல்வேன். டொலீடோக்காரர் நாயோடு நடந்தது 2010-ல், தீர்ப்பு வந்தது 2015-ல். மாநிறமும் தாடியும் உள்ள ஒருவர் பள்ளிக்கூடத்துப் பக்கம் துப்பாக்கி தெரிய நடந்தால் என்ன நடக்கும் என்பதற்கு ஆராய்ச்சி தேவையில்லை.

வீட்டு வாசலில் நம் கை ஓங்கியிருக்கிறது. வாரண்ட் இல்லாமல், உயிராபத்து போன்ற அவசரமும் இல்லாமல் போலீஸ் உள்ளே வர முடியாது. கதவைத் திறக்கலாம், திறக்காமலே பேசலாம், வெளியே வந்து கதவைச் சாத்திவிட்டும் பேசலாம். மூன்றில் கடைசியைத்தான் நான் எடுப்பேன், கதவிடுக்கு வழியாக உள்ளே கண் போகாது. ரோட் ஐலண்டில் கணவன் மனைவி சண்டைக்குப் பிறகு, கணவரை மருத்துவமனைக்கு அனுப்பிவிட்டு வீட்டில் புகுந்து துப்பாக்கிகளை எடுத்துப்போனது தவறு என்று 2021-ல் உச்ச நீதிமன்றத்தில் ஒன்பது நீதிபதிகளும் சொன்னார்கள். நல்லெண்ணத்தில் செய்தோம் என்ற வாதம் வீட்டுக்குள் செல்லாது. நீதிமன்ற உத்தரவோடு வந்தால் கதை வேறு. நியூ ஜெர்சி, நியூ யார்க், கலிஃபோர்னியா, ஃப்ளோரிடா உட்படப் பல மாநிலங்களில் அபாயமானவர் என்று நீதிபதி கருதினால் துப்பாக்கியைத் தற்காலிகமாக எடுக்க உத்தரவிடும் சட்டம் இருக்கிறது. உத்தரவோடு வந்தவர்களிடம் வாசலில் மல்லுக்கு நிற்பதில் பயனில்லை, நீதிமன்ற விசாரணையில்தான் மீட்க வேண்டும்.

பெர்மிட் வாங்குவதா?

டெக்ஸஸ் 2021-லும் ஜார்ஜியா 2022-லும் பெர்மிட் இல்லாமலே கைத்துப்பாக்கி வைத்துக்கொண்டு வெளியே போக அனுமதித்துவிட்டன. பிறகு எதற்குக் கட்டணம், வகுப்பு, கைரேகை எல்லாம்? போலீஸ் நிறுத்தும்போது பெர்மிட் அட்டை ஒரு நற்சான்றிதழாக வேலை செய்யும் என்பது சின்னக் காரணம். பெரிய காரணம் பள்ளிக்கூடம். ஃபெடரல் சட்டப்படி பள்ளியைச் சுற்றி 1,000 அடிக்குள் பொது இடத்தில் துப்பாக்கி வைத்திருப்பது குற்றம், குண்டு நீக்கிப் பூட்டி வைத்திருந்தால் தவிர. அந்தப் பள்ளி இருக்கும் மாநிலமே கொடுத்த பெர்மிட் இருப்பவருக்கு விலக்கு உண்டு. புறநகரில் 1,000 அடிக்குள் பள்ளியில்லாத சாலையைக் கண்டுபிடிப்பதே கஷ்டம். வாங்கிவிடுங்கள்.

விசாவில் இருப்பவர்களுக்கு மேலே சொன்ன பலவும் பொருந்தாது. எச்1பி, எஃப்1, எல்1 போன்ற விசாக்களில் இருப்பவர்கள் துப்பாக்கியோ தோட்டாவோ வைத்திருப்பதே ஃபெடரல் குற்றம். செல்லுபடியாகும் வேட்டை லைசென்ஸ் போன்ற சில விலக்குகள் உண்டு. நண்பரோடு சுடுதளத்துக்குப் போய் அவர் துப்பாக்கியைக் கையில் வாங்கினாலும் "வைத்திருப்பது"தான். ஃப்ளோரிடாவில் படிக்க வந்து, மதிப்பெண் குறைவால் கல்லூரி நீக்கிய பிறகும் தங்கியிருந்த ஒரு மாணவர் சுடுதளத்துக்குப் போனதுதான் 2019-ல் உச்ச நீதிமன்றம்வரை போன வழக்கு. தன் குடியேற்ற நிலை அவருக்குத் தெரியும் என்பதை அரசு நிரூபிக்க வேண்டும் என்று தீர்ப்பு வந்தது, நல்லதுதான். ஆனால் எச்1பியில் இருப்பவர் தனக்கு எந்த விசா என்று தெரியாது என்று சொல்லவா முடியும்? 2022 முதல் இதற்கு அதிகபட்சத் தண்டனை 15 ஆண்டு. இந்த நிலையில் உள்ளவருக்குத் தானாகச் சொல்வது குற்றத்தை ஒப்புக்கொள்வதாகிவிடும்.

கிரீன் கார்டு இருந்தால் வாங்கலாம், வைத்திருக்கலாம். ஆனால் துப்பாக்கிக் குற்றம் எதிலாவது தண்டனை பெற்றால், அது சின்னதோ பெரியதோ, நாடு கடத்தக் காரணமாகலாம். மாநில நீதிமன்றத்தில் "குற்றத்தை ஒப்புக்கொள், சிறை வேண்டாம், கொஞ்ச நாள் கண்காணிப்பு, பிறகு பதிவே இருக்காது" என்று பேரம் வரும். குடியேற்றச் சட்டத்தின் கண்ணில் அதுவும் தண்டனைதான். குடிமகனுக்கு நல்ல பேரமாக இருப்பது கிரீன் கார்டுக்காரருக்கு விமான டிக்கெட்டாக முடியலாம். நாடு கடத்தப்படும் அபாயத்தைக் கட்சிக்காரரிடம் சொல்வது வக்கீலின் கடமை என்று 2010-ல் பாடிய்யா வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்த்திருக்கிறது. அந்தக் கடமை வேலை செய்ய, வக்கீலிடம் முதல் சந்திப்பிலேயே உங்கள் குடியேற்ற நிலையைச் சொல்லிவிடுங்கள். அவர் கேட்கும்வரை காத்திருக்க வேண்டாம்.